கபர் வெட்டுறவர் வீட்டுக் கணக்கு

போன இதழ்ல ஒரு சோமாலி மொழிப் படத்தப் பத்தி அரைப் பக்கம் எழுதுனேன், "கபர் வெட்டுறவரோட மனைவி"ன்னு தலைப்ப தமிழ்ல போட்டு. அதுக்கு இவ்ளோ கேள்வி வரும்னு சத்தியமா நெனைக்கல. அத படிக்காதவங்களுக்காக ஒரே மூச்சுல கதைய சொல்லிடுறேன்: கிழக்கு ஆப்பிரிக்காவுல ஜிபூட்டின்னு ஒரு சின்ன நாடு, அதோட தலைநகரத்துல குலேத்னு ஒருத்தர், கபர், அதாவது அடக்கம் பண்ற குழி, வெட்டுறது தொழில், மனைவி பேர் நஸ்ரா, ஒரே மகன் மஹத், நஸ்ராவுக்கு சிறுநீரக நோய் முத்திப்போச்சு, ஆபரேஷனுக்கு 5,000 டாலர் ஆகும்னு டாக்டர் சொல்லிடுறார், அந்தப் பணத்துக்கு இந்த மூணு பேரும் என்ன பாடுபடுறாங்கங்கறது தான் மொத்தப் படமும். எடுத்தவர் கதர் அய்தரூஸ் அகமத், இது தான் அவரோட முதல் முழுநீளப் படம், வந்தது 2021ல. சரி, கேள்விகளுக்குப் போவோம்.

குழி வெட்டுறவங்க ஆஸ்பத்திரி வாசல்ல மண்வெட்டியோட காத்துக்கிடக்குறதா எழுதியிருந்தீங்க. படிச்சப்பவே ஒரு மாதிரி ஆயிடுச்சு. இது டைரக்டரோட கற்பனை தானே?
*(இருபது வருஷமா நர்ஸா இருக்குற வாசகி)*

கற்பனை இல்லம்மா. படமே அதுலருந்து தான் பொறந்துருக்கு. கதர் 1981ல சோமாலியாவோட தலைநகரம் மொகதிஷுல பொறந்தவர், 16 வயசுல பின்லாந்துக்குப் போய்ட்டார். அங்க அவங்க குடும்பத்துல ஒரு சாவு நடந்துருக்கு, அடக்கம் பண்றதுக்கே ஒரு வாரம் கிட்ட காத்திருக்க வேண்டியதாப் போச்சு. உங்களுக்குத் தெரியும், இஸ்லாமிய முறைல மையத்த, அதாவது செத்தவங்க உடம்ப, வெச்சுட்டு இருக்க மாட்டாங்க, முடிஞ்சா அன்னைக்கே அடக்கம் பண்ணிடணும்னு பாப்பாங்க. அந்த ஒரு வாரம் அந்த வீட்டுல எப்படி இருந்துருக்கும்னு யோசிச்சுப் பாருங்க. அப்ப கூடப் பொறந்தவர் ஒருத்தர் சொல்லிருக்கார், நம்ம ஊர்ல இப்படியா, ஆஸ்பத்திரி வாசல்லயே குழி வெட்டுறவங்க தயாரா நிப்பாங்களேன்னு. அந்த ஒரு வார்த்தை இவர் மனசுல தங்கிடுச்சு, அதுக்கப்புறம் அது படமா வந்து சேர பத்து வருஷம் ஆச்சு.

படத்துல அந்த வாசல் காட்சி எனக்கு ரொம்பப் புடிச்ச இடம். நாலஞ்சு ஆம்பளைங்க மண்வெட்டிய பக்கத்துல வெச்சுட்டு சும்மா உக்காந்து பேசிட்டு இருப்பாங்க, ஆம்புலன்ஸ் வந்தா எந்திரிச்சு ஓடுவாங்க. யாரும் யார் சாவுக்கும் வேண்டிக்கிறது இல்ல. ஆனா சாவு வரலன்னா அன்னைக்கு வீட்டுல உலை வைக்க முடியாது. சவாரிக்கு ஸ்டாண்டுல காத்திருக்குற ஆட்டோக்காரங்க மாதிரி தான் இருக்காங்க, பேச்சும் கேலியும் கூட அதே தான். என் அம்மா பக்கத்துல உக்காந்து பாத்தாங்க, சப்டைட்டில் நான் தான் படிச்சு சொன்னேன், அவங்க கேட்ட மொத கேள்வி என்ன தெரியுமா, "இவனுக்கு நாள் கூலியா, குழிக்கு இவ்ளோன்னு கூலியா?" நான் படத்தப் பத்தி என்னென்னமோ படிச்சுருக்கேன், எதுலயும் இந்தக் கேள்வி இல்ல. ஆனா படம் முழுக்க ஓடுறது இந்தக் கேள்வி தான்.

5,000 டாலர் பெரிய தொகை தான், ஒத்துக்குறேன். ஆனா ஒரு படம் முழுக்க நடந்து நடந்து தேடுற அளவுக்கா? கடன வாங்கி ஆபரேஷன முடிச்சுட்டு அப்புறம் அடைக்கலாமே.
*(பேங்க்ல வேல பாக்குற வாசகர்)*

சார், நீங்க கவுன்டருக்கு அந்தப் பக்கம் உக்காந்து கேக்குறீங்க, இந்தப் பக்கம் கொஞ்சம் வாங்க. ஜிபூட்டி ஃப்ராங்க் ரொம்ப வருஷமா, 1973லருந்து, ஒரு டாலருக்கு 177.72ன்னு கட்டி வெச்சிருக்கற காசு. அப்படின்னா 5,000 டாலர்ங்கறது ஏறக்குறைய 8 லட்சத்து 89 ஆயிரம் ஃப்ராங்க். குலேத்துக்கு மாசச் சம்பளம் கெடயாது, சம்பளச் சீட்டு கெடயாது, அடமானம் வைக்க வீடோ நகையோ கெடயாது, இன்னைக்கு எத்தன குழிங்கறது அவர் கையிலயே இல்ல. உங்க ஃபாரத்துல "நிரந்தர வருமானம்"னு ஒரு கட்டம் இருக்கும்ல, அதுல அவர் என்ன எழுதுவார் சொல்லுங்க.

அதனால தான் அவருக்கு ஊர் ஞாபகம் வருது. ஊர்ல மந்தை இருக்கு. ஆடு மாடு மேச்சு வாழுற சோமாலிக் குடும்பங்களுக்கு மந்தை தான் சேமிப்பு, மந்தை தான் சீர், அவசரத்துக்கு வித்து காசாக்குறதும் அது தான். தன் பங்க கேட்டு வித்துடலாம்னு பொட்டல் காட்டுல நடக்க ஆரம்பிக்கிறார். ஆனா அங்க ஒரு பழைய கணக்கு பாக்கி இருக்கு, இவரும் நஸ்ராவும் வீட்டுல பாத்து வெச்ச கல்யாணத்த ஒதறிட்டு ஓடி வந்து கல்யாணம் பண்ணிக்கிட்டவங்க. ஊர் அத மறக்கல, முக்கியமா அவரப் பெத்தவ மறக்கல. ஓடிப்போய் கல்யாணம் பண்ணவன் இத்தன வருஷம் கழிச்சு பொண்டாட்டிக்கு சீக்குன்னு பங்கு கேட்டு வாசல்ல வந்து நின்னா என்ன நடக்கும்னு நான் உங்களுக்கு வெளக்கணுமா என்ன. இந்த ஒரு எடத்துல எனக்கு சப்டைட்டிலே தேவப்படல.

கடன் குடுக்குற ஆள் யாரும் கெட்டவன் இல்ல இந்தப் படத்துல, டாக்டரும் கெட்டவர் இல்ல, ரேட்ட சொல்றார் அவ்ளோ தான். வில்லன்னு ஒருத்தன கொண்டாந்து நிறுத்திருந்தா நமக்கெல்லாம் சுலபமா இருந்துருக்கும், அவன திட்டிட்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். இதுல திட்டுறதுக்கு ஆள் இல்லாம தான் நம்மள உக்கார வெச்சுடுறார்.

இந்த டைரக்டர கதர்னு சொல்றதா, அகமத்னு சொல்றதா? ஒவ்வொரு பத்திரிகையும் ஒவ்வொரு மாதிரி எழுதுது.
*(ப்ரூஃப் பாக்குற வேலைல இருக்குற வாசகி)*

கதர்னே சொல்லுங்க. சோமாலிகளுக்கு குடும்பப் பேர்னு ஒண்ணு கெடயாது. தன் பேர், அப்பா பேர், தாத்தா பேர், அவ்ளோ தான். கதர், அவர் அப்பா அய்தரூஸ், தாத்தா அகமத். இனிஷியல் போடுற நமக்கு இது புரியும், வெள்ளக்காரப் பத்திரிகைக்கு தான் கஷ்டம், அவங்க கடைசிப் பேர புடிச்சுக்கிட்டு தாத்தாவ கூப்பிட்டுட்டு இருக்காங்க. கல்யாணம் ஆனாலும் பொம்பளைங்க பேர மாத்திக்க மாட்டாங்க அங்க, அப்பா பேரோடயே தான் கடைசி வரைக்கும். நம்ம தமிழ் முஸ்லிம் வீடுகள்ல "ஐதுரூஸ்"னு ஒரு பேர் கேட்டிருப்பீங்களே, அதே பேர் தான் இது, கடல் தாண்டி ரெண்டு பக்கமும் போயிருக்கு.

"வெட்டியான்"னு நல்ல தமிழ் வார்த்தை இருக்கறப்ப எதுக்கு "கபர் வெட்டுறவர்"னு சுத்தி வளைக்கிறீங்க?
*(ஓய்வு பெற்ற தமிழாசிரியர்)*

ஐயா, வேணும்னு தான் செஞ்சேன். அந்த வார்த்தைய போட்ட உடனே நம்ம மனசுக்குள்ள ஒரு சாதி வந்து உக்காந்துக்குது, சேரி, பறை, பிணம் எரிக்கிற எடம்னு ஒரு மொத்தப் படம் ஓட ஆரம்பிச்சுடுது. குலேத்தோட கதை அது இல்ல. ஊர் அவர ஒதுக்குனது தொழிலுக்காக இல்ல, காதலுக்காக. தமிழ் முஸ்லிம் பேச்சுல கபர், கபர்ஸ்தான், மையத்து, ஜனாஸான்னு இந்தச் சாவுக்குரிய சொல் அத்தனையும் ஏற்கனவே இருக்கு, அத எடுத்துக்கிட்டேன். பின்லாந்துல இந்தப் படம் "குலேத்தும் நஸ்ராவும்"னு ரெண்டு பேர் பேர மட்டும் வெச்சு வந்துச்சு, எனக்கு கேட்டா அது தான் இன்னும் நல்ல தலைப்பு. அவள "இன்னாரோட மனைவி"ன்னு நிறுத்தாம ஆளா நிறுத்துது.

ஜிபூட்டின்னா எனக்குத் தெரிஞ்சது ராணுவத் தளங்க தான். படத்துல அதெல்லாம் வருதா?
*(போட்டித் தேர்வுக்குப் படிச்சுட்டு இருக்குறவர்)*

நீங்க மனப்பாடம் பண்ணிருப்பீங்க, இருந்தாலும் மத்தவங்களுக்காக: செங்கடல் வாசல்ல பாப் எல் மண்டெப் ஜலசந்தி ஓரமா இருக்குற சின்ன நாடு, 1977ல பிரான்ஸ்கிட்டருந்து சுதந்திரம் வாங்குச்சு, இப்ப அமெரிக்கா, பிரான்ஸ், ஜப்பான், இத்தாலி எல்லாருக்கும் அங்க தளம் இருக்கு, சீனா தன் நாட்டுக்கு வெளிய மொத மொதல்ல தளம் தொறந்ததும் அங்க தான், 2017ல. கேள்வித்தாளுக்கு இது போதும். படத்தோட கதை அந்தப் பக்கமே போகல. அந்த நாட்டு மண்ண உலகம் வாடகைக்கு எடுத்துட்டு இருக்கு, அதே மண்ண வெட்டிப் பொழைக்கிறவருக்கு ஆபரேஷன் காசு இல்ல. இத டைரக்டர் எங்கயும் சொல்லிக்காட்டல, நான் தான் சொல்றேன், அவர் கம்முன்னு இருந்தது எவ்ளோ நல்லதுன்னு இத எழுதுறப்ப தான் புரியுது.

நீங்க சிபாரிசு பண்ற கிழக்கு ஆப்பிரிக்கப் படம் எல்லாத்துலயும் யாராவது செத்துட்டே இருக்காங்களே! அன்றாட வாழ்க்கைன்னு சொல்றீங்க, அவங்க வீட்டுல சிரிக்கவே மாட்டாங்களா?
*(கோவமா எழுதுன ஒரு வாசகி)*

கோவம் நியாயம். இந்தக் கேள்விக்காக நான் சிபாரிசு பண்ணதுல மூணு படத்த, குலேத் படத்தயும் சேத்து, மறுபடி நெனச்சுப் பாத்தேன், ஒண்ணு கண்ணுல பட்டுச்சு, மொதல்ல எழுதுறப்ப எனக்கே தோணல.

கென்யாவுல லிகரியோன் வைனைனா 2018ல எடுத்த "சூப்பா மோடோ". ஜோன்னு ஒன்பது வயசுப் பொண்ணு, குணமாகாத நோய், இனிமே ஆஸ்பத்திரில வெச்சு பிரயோஜனம் இல்லன்னு அம்மா வீட்டுக்குக் கூட்டிட்டு வந்துடுறாங்க. அந்த அம்மாவோட தொழில் என்ன தெரியுமா, பிரசவம் பாக்குறது. ஊர்ல எத்தன பிள்ளைங்கள இந்த உலகத்துக்கு கொண்டாந்த கை, சொந்த மக போறத பாத்துட்டு இருக்கு. இங்க குலேத் அப்படியே தலைகீழ், ஊருக்கெல்லாம் குழி வெட்டுன கை, ஒரே ஒரு குழிய மட்டும் வெட்டக்கூடாதுன்னு நடையா நடக்குது. மூணாவது, மோ ஹராவே எடுத்த "பாரடைஸுக்கு பக்கத்து ஊர்", 2024. சோமாலியாவுல கடலோரத்துல ஒரு ஊர், மாமர்கதேங்கறவர் தன் மகன் இகாலையும், விவாகரத்து ஆகி வந்த தங்கச்சி அரவேலோவையும் வெச்சுட்டு குடும்பம் நடத்துறார், மேல ட்ரோன் சுத்திட்டு இருக்கு, இவரும் கெடச்ச வேலையெல்லாம் செய்றவர், அதுல ஒண்ணு குழி வெட்டுறது! மூணு பேரும் சேந்து பேசி வெச்சுக்கிட்டா இப்படி எடுத்தாங்க? இல்ல. சாவு அந்த ஊர்கள்ல ஒரு வேலையா இருக்கு, பிரசவம் வேலையா இருக்குற மாதிரி, அதுக்கு கூலி இருக்கு, அதுக்குப் போய்ட்டு வந்து சாப்பிடணும்.

ஆனா நீங்க கேட்டது சிரிப்பப் பத்தி. ஜோவுக்கு சூப்பர் ஹீரோ பைத்தியம், அவ அக்கா ம்விக்ஸ் பாத்துட்டு, சரி உனக்கு சக்தி இருக்குன்னு அவள நம்ப வெச்சுடுறா, அப்புறம் ஊரே சேந்து அவள நாயகியா வெச்சு ஒரு படம் எடுக்குது, அந்த ஊர் ஜனம் நடிக்கிற நடிப்ப பாத்து நான் வயிறு வலிக்க சிரிச்சேன். அம்மாவுக்கு மட்டும் இது புடிக்கல. அவங்களுக்கு மக மீதி நாள வீட்டுல தன் கூட கழிக்கணும். யார் சரின்னு அந்தப் படம் சொல்றதே இல்ல. மோ ஹராவே படத்துல இன்னொண்ணு, அரவேலோவுக்கு ஒரு தையக் கடை வைக்கணும், அவ்ளோ தான் கனவு, ஆனா விவாகரத்து ஆன தனிப் பொம்பளைக்கு கடன் பொறக்க மாட்டேங்குது, அவ அதுக்கு ஒரு வழி கண்டுபுடிக்கிறா பாருங்க, அத நான் சொல்ல மாட்டேன். ட்ரோன் பறக்குற நாட்டுல ஒரு படம் முழுக்க தையல் கடைக்கு முன்பணம் தேடுது. செய்தில பாக்குற சோமாலியாவுல கடற்கொள்ளையரும் குண்டும் தான், ஸ்கூல் ஃபீஸ் வராது. இந்த ஆளுங்க ஸ்கூல் ஃபீஸ காட்டுறாங்க. அதுக்காகத்தான் சிபாரிசு பண்றேன், சாவுக்காக இல்ல. ஆனா அடுத்த தடவ பிரசவம் நல்லபடியா முடியிற படமா தேடுறேன், சரியா?

இது பின்லாந்து படமா, ஜிபூட்டி படமா, சோமாலியா படமா?
*(ஒரு வரில கேட்ட வாசகர்)*

காசுல பெரும் பங்கு ஐரோப்பாவோடது, மண்ணு ஜிபூட்டியோடது, மொழி சோமாலி. ஆனா ஆஸ்கருக்கு இத அனுப்புனது சோமாலியா, அந்த நாடு ஆஸ்கருக்கு படம் அனுப்புனதே அது தான் மொத தடவ. நாமினேஷன் வரைக்கும் போகல. 2021ல பிரான்ஸ்ல நடக்குற கான் பட விழாவுல, அதோட சேந்து தனியா நடக்குற விமர்சகர் வாரம்ங்கற பிரிவுல தெரயிட்டாங்க, அதே வருஷம் அக்டோபர்ல புர்கினா ஃபாஸோவுல வாகடூகு நகரத்துல நடக்குற ஃபெஸ்பாகோ விழால பெரிய பரிசு, தங்கக் குதிரை, அதையும் தட்டிட்டு வந்துடுச்சு. ஆப்பிரிக்கப் படக்காரங்களுக்கு அந்தக் குதிரை தான் குதிரை, 1969லருந்து நடக்குற விழா. அதுக்கு முந்தின தடவ, 2019ல, அதே குதிரைய ருவாண்டாவோட ஜோயல் கரெகெஸி வாங்கிட்டுப் போனார், ஆக ரெண்டு தடவ வரிசையா கிழக்குப் பக்கம் போயிருக்கு. மோ ஹராவே படமோ கான் விழாவோட அதிகாரபூர்வப் பட்டியல்ல வந்த மொத சோமாலியப் படம். அவரும் மொகதிஷுல பொறந்து, 2009லருந்து ஆஸ்திரியாவுல இருக்குறவர். ரெண்டு பேரும் பனி பெய்யிற ஊர்ல உக்காந்து வெயில் கதைய எழுதிருக்காங்க.

இந்தப் படத்தையெல்லாம் அந்த ஊர் ஜனங்க பாக்குறாங்களா? இல்ல விழாவுக்கு மட்டும் தானா?
*(ஒரு ப்ரொஜெக்டர் ஆபரேட்டர், இப்ப தியேட்டர் மூடிட்டாங்களாம்)*

உங்க கேள்விய படிச்சுட்டு கொஞ்ச நேரம் சும்மா இருந்தேன். மொகதிஷுல ஒரு காலத்துல தியேட்டர் நெறைய, ஹிந்திப் படத்துக்கு கூட்டம் அலமோதும். 1991ல அரசு கவுந்து உள்நாட்டுப் போர் வந்ததோட எல்லாம் போச்சு. அங்க தேசிய அரங்கம்னு ஒண்ணு இருக்கு, 1967ல சீனா கட்டிக் குடுத்தது, அங்க 2021 செப்டம்பர்ல சோமாலியர் எடுத்த ரெண்டு குறும்படம் போட்டாங்க, முப்பது வருஷத்துல மொத தடவயா. டிக்கெட் 10 டாலர், அந்த ஊர் ஜனத்துக்கு அது லேசான காசு இல்ல. ஆக கதர் படம் விழாக்கள்ல சுத்திட்டு இருந்த அதே வருஷம் தான் அவர் பொறந்த ஊர்ல மறுபடி ஒரு தெரைல வெளிச்சம் விழுந்துருக்கு.

அதுக்காக சோமாலிகள் படமே பாக்கலன்னு நெனச்சுடாதீங்க. ஹிந்திப் படங்கள, நம்ம தென்னிந்தியப் படங்களயும் சேத்து தான், சோமாலில டப்பிங் பண்ணி ஃபோன்ல பாக்குறது பெரிய அளவுல நடக்குது. நம்ம ஹீரோ அடிக்கிற அடி அவங்க வீட்டுக்குள்ள போயிடுச்சு, அவங்க வீட்டு அடுப்பு நம்ம வீட்டுக்கு இப்ப தான் வந்துட்டு இருக்கு, அதுவும் கான் வழியா சுத்திட்டு.

குழந்தைங்களோட பாக்கலாமா?

"சூப்பா மோடோ" தாராளமா, ஒண்ணே கால் மணி நேரப் படம் தான், ஆனா முன்னாடியே நீங்க ஒரு தடவ தனியா பாத்துடுங்க, அழுகைய அங்கயே முடிச்சுக்கலாம். குலேத் படத்த பத்து பன்னெண்டு வயசுக்கு மேல பாக்கலாம். மஹத் ஸ்கூலுக்கு மட்டம் போட்டுட்டு அப்பாகிட்ட முறைச்சுட்டே திரியிறது, அப்புறம் அப்பா ஊருக்குப் போனதும் அதே பையன் வீட்ட தூக்கி நிறுத்துறது, அந்த வயசுப் பசங்களுக்கு தான் நம்மள விட நல்லா புரியும். பாரடைஸ் ஊர் படம் ரெண்டே கால் மணி நேரம் ரொம்ப மெதுவா போகும், பசங்க ஃபோன எடுத்துடுவாங்க.

எல்லாம் சரி, காதலிச்சு ஓடி வந்தவங்கன்னீங்களே, அந்தக் காதல் படத்துல தெரியுதா, இல்ல வெறும் ஆஸ்பத்திரி தானா?
*(கல்யாணம் ஆகி ஏழு மாசம் ஆன வாசகி)*

தெரியுது. நோயாளி வேஷத்துல வர்றவங்கள சினிமா சாதாரணமா கட்டில்ல படுக்க வெச்சுட்டு மத்தவங்கள அழ விடும். நஸ்ராவா நடிச்ச யாஸ்மின் வர்சமே மாடலிங்ல பேர் வாங்குனவங்க, குலேத்தா வர்ற ஓமர் அப்தி ஒல்லியா களைச்சுப்போன மூஞ்சி, ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் கிண்டல் பண்றதும் ஆசையா பாக்குறதும் கல்யாணமாகி இத்தன வருஷம் ஆனவங்க மாதிரியே இல்ல. அதுல ஒரு காட்சி, அவ உடம்பு கொஞ்சம் தேவலாம்னு இருக்குற ஒரு நேரம், யாரோ பணக்காரங்க வீட்டுக் கல்யாணம், இவங்களுக்கு அழைப்பு கெடயாது, ரெண்டு பேரும் நல்ல துணி உடுத்திட்டு மொய்க்கு கொண்டாந்த மாதிரி ஒரு ஆட்ட புடிச்சுட்டு உள்ள நொழஞ்சுடுவாங்க.

என் அம்மா அந்த எடத்துல, "அந்த ஆட்ட வித்திருந்தா மருந்துக்காவது ஆகியிருக்கும்"னாங்க. நான் திரும்பிப் பாத்தேன், சொல்லிட்டு அவங்களே சிரிச்சுட்டு இருந்தாங்க.